கூடாரத்துக்குள் நெருப்பு

மலைமேலோ பனிவெளியிலோ கூடாரமடித்துத் தங்குகிறவர்களுக்கு முதல் இரவிலேயே விளங்கிவிடுகிற உண்மை ஒன்று உண்டு. கூடாரம் காற்றின் வேகத்தைத் தணிக்கும். மழையும் பனியும் மேலே விழாமல் காக்கும். ஆனால், உள்ளே உள்ள உஷ்ணத்தை வெளியே போகவிடாமல் பிடித்து வைப்பது அதனால் ஆகிற காரியம் அன்று. அது குடையே ஒழியப் போர்வை அன்று. நால்வர் படுத்துறங்கும் அளவுள்ள ஒற்றைத் துணிக் கூடாரம் ஒன்றை எடுத்துக்கொள்வோம். அதன் துணிப்பரப்பு சுமார் 15 சதுர மீட்டர். உள்ளே அடங்கும் காற்று ஏறக்குறைய 7 கன மீட்டர். மெல்லிய துணியின் ஒவ்வொரு சதுர மீட்டர் வழியாகவும், உள்ளுக்கும் வெளிக்கும் இடையே உள்ள ஒவ்வொரு டிகிரி வித்தியாசத்துக்கும் 5, 6 வாட் வீதம் வெப்பம் கசிந்துகொண்டே இருக்கும். வெளியைக் காட்டிலும் உள்ளே 15 டிகிரி அதிகமாக இருக்க வேண்டுமானால், ஏறத்தாழ 1,300 வாட் வெப்பத்தை இரவு முழுவதும் இடைவிடாமல் ஊட்டிக்கொண்டிருக்க வேண்டும். உறங்குகிற மனிதனின் உடல் வெளியிடும் வெப்பமோ 70, 80 வாட்டுக்கு மேல் இல்லை. நால்வரும் சேர்ந்து தருவது 300 வாட். அதைக்கொண்டு கூடாரத்தின் உஷ்ணத்தை மூன்று நான்கு டிகிரி உயர்த்தலாம், அதற்குமேல் முடியாது.

ஆகையினால் மனிதன் நெருப்பை நாடுகிறான். கையில் தூக்கிச் செல்லத்தக்க சிறிய எரிவாயுக் கணப்பு ஒன்று 1,500 வாட் வெப்பம் தரும். அந்த 7 கன மீட்டர் காற்றை மட்டும் 15 டிகிரி சூடாக்குவதற்கு, கணக்கின்படி, அதற்கு ஒன்றரை நிமிஷம் போதும். காற்று தாங்கும் வெப்பம் அவ்வளவு சொற்பம். பற்றவைத்த சிறிது நேரத்தில் மரத்துப்போன விரல்கள் இளகுகின்றன, பூட்ஸின் நாடாவை அவிழ்க்க முடிகிறது, பேச்சு வருகிறது. அணைத்தாலோ, எந்த வேகத்தில் வெப்பம் வந்ததோ ஏறத்தாழ அந்த வேகத்திலேயே போய்விடுகிறது. தரையும் துணியும் படுக்கையும் குளிர்ந்தபடியே இருப்பதால், சில நிமிஷங்களில் மறுபடியும் பற்கள் கிட்டத் தொடங்குகின்றன. அணைக்காமலே உறங்கிவிடலாம் என்ற ஆசையும், வெப்பம் வீணாகாதபடி திறப்புகளையெல்லாம் இறுக மூடிவிடலாம் என்ற எண்ணமும் அந்தச் சமயத்தில் ஒன்றாகவே பிறக்கின்றன. விஷயத்தின் முழு அபாயமும் இங்கேதான் அடங்கியிருக்கிறது. கூடாரத்தைச் சூடாக்குவது எப்படி என்பதை வெப்பத்தைப் பற்றிய கேள்வியாகவே எல்லோரும் கருதுகிறார்கள். என் அபிப்பிராயத்தில், அது முக்காலே மூன்று வீசம் காற்றைப் பற்றிய கேள்வி.

சுவாலையும் சுவாசிக்கிறது; அதுவும் பெரும் பசியுடன் சுவாசிக்கிறது. புரோப்பேன் வாயு ஒரு கிலோ எரிவதற்குச் சுமார் 3.6 கிலோ பிராணவாயு, அதாவது 13 கன மீட்டர் காற்று, வேண்டியிருக்கிறது. எரிந்தபின் வெப்பத்தோடு 3 கிலோ கரியமிலவாயுவையும் 1.6 கிலோ நீராவியையும் அது விட்டுச் செல்கிறது. மேலே சொன்ன கணப்பு மணிக்கு 115, 120 கிராம் புரோப்பேனை எரிக்கும். துளியும் காற்றுப் புகாத 7 கன மீட்டர் இடத்தில் அது ஒரு மணி நேரம் எரியுமானால், 21 சதவீதமாக இருந்த பிராணவாயு 16, 17 சதவீதத்துக்கு இறங்கிவிடும். நூற்றுக்கு இரண்டரைப் பங்குக்கு மேல் கரியமிலவாயு சேர்ந்துவிடும். உள்ளே இருப்பவர்களின் மூச்சு வேறு அந்தக் கணக்கில் கூட வேண்டும். நீராவி 190 கிராம் அளவுக்கு உண்டாகி, துணியின் உட்புறத்தில் துளிர்த்துப் படுக்கையின்மேல் சொட்டும், அல்லது துணியிலேயே உறைந்து அதன் நுண்ணிய கண்களை அடைத்துவிடும். உண்மையான கூடாரம் எதுவும் அவ்வளவு இறுக்கமாக மூடப்படுவதில்லை என்பது மெய்யே. ஆயினும், துணி நனைந்து உறைந்துபோன நிலையில், இரவெல்லாம் விழுந்த பனி அடிவிளிம்பைச் சுற்றிக் குவிந்து அடைத்துக்கொள்ளுமானால், அது கணக்குப் புத்தகத்தின் மூடிய அறையை வெகுவாக நெருங்கிவிடுகிறது.

பிராணவாயு குறையக் குறையச் சுவாலையின் சுபாவமே மாறிவிடுகிறது. எரிபொருளில் உள்ள கரி முற்றிலும் எரிந்து கரியமிலவாயுவாக ஆகாமல், அரைகுறையாக எரிந்து கார்பன் மோனாக்ஸைடாக வெளிப்படுகிறது. அதற்கு நிறமில்லை, மணமில்லை, கண்ணைக் கரிப்பதில்லை, தொண்டையைக் கமறச் செய்வதில்லை. காற்றைவிடச் சிறிதே இலேசானதாகையால் மேலே ஒதுங்காமலும் கீழே படியாமலும் எங்கும் சமமாகக் கலந்து நிற்கிறது. இரத்தத்தில் பிராணவாயு அமர வேண்டிய இடத்தை இந்த வாயு தானே பற்றிக்கொள்கிறது என்பதைப் பிரெஞ்சு உடலியல் மேதையான கிளாட் பெர்னார் 1857இல் வெளியிட்ட விரிவுரைகளில் எடுத்துக்காட்டினார். பின்னர், பிரிட்டனைச் சேர்ந்த ஜான் ஸ்காட் ஹால்டேன் இந்த வாயு கலந்த காற்றைத் தாமே சுவாசித்து, இரத்தத்தில் அதன் அளவு ஏற ஏறத் தமக்கு நேர்ந்தவற்றையெல்லாம் குறித்துவைத்து, 1895இல் வெளியிட்டார். சுரங்கத்துக்குள் இறங்குகிறவர்கள் எலியையோ சிறு பறவையையோ உடன் கொண்டுபோக வேண்டும் என்ற யோசனை அவரிடமிருந்து வந்ததே. இரத்தத்திலுள்ள ஹீமோகுளோபினுக்குப் பிராணவாயுவிடம் இருக்கும் பற்றைவிட இந்த வாயுவிடம் இருக்கும் பற்று 200 மடங்குக்கும் அதிகம். காற்றில் ஆயிரத்துக்கு ஒன்றரைப் பங்கு அளவு கலந்திருந்தாலே இருபது நிமிஷத்தில் தலைவலியும் கிறுகிறுப்பும் குமட்டலும் தோன்றும். அதே காற்றில் ஒன்றிரண்டு மணி நேரம் இருந்தால் உயிர் போகும். நல்ல காற்றுக்கு வந்த பின்னும், இரத்தத்தில் ஏறிய வாயுவில் பாதி நீங்குவதற்கு நான்கு ஐந்து மணி நேரம் ஆகும்.

இவையெல்லாவற்றிலும் எனக்கு மிகவும் பயங்கரமாகத் தோன்றுவது, இந்த வாயு முதலில் தாக்குவது மூளையை என்பதே. ஆபத்து வந்திருக்கிறது என்று அறிய வேண்டிய கருவி எதுவோ, அதைத்தான் அது முதலில் மழுங்கச் செய்கிறது. எழுந்து கதவைத் திறக்க வேண்டும் என்ற எண்ணம் தோன்றுவதற்குள் விவேகம் போய்விடுகிறது. எண்ணம் தோன்றினாலோ கால்கள் எழுவதில்லை. உறங்கிக்கொண்டிருப்பவனுக்கு அந்த எண்ணம் தோன்றுவதும் இல்லை.

நாடோடி மக்கள் இந்தப் பிரச்சினையை இரசாயனம் அறியாமலே தீர்த்து வைத்திருந்தார்கள் என்பது வியந்து போற்றத்தக்க விஷயம். மங்கோலியாவின் கம்பளி வீட்டில் அடுப்பு நட்டநடுவில் இருக்கும். அதற்கு நேர் மேலே கூரையின் உச்சியில் வட்டமான திறப்பு ஒன்று உண்டு. இக்காலத்தில் அடுப்பிலிருந்து எழும் புகைக்குழாய் அதன் வழியாகவே வெளியே செல்கிறது. கம்பளியோ தடித்த கம்பளி. வெப்பத்தைக் காக்கும் வேலையைச் சுவர் பார்த்துக்கொள்வதால், திறப்பை மூடி வைத்துத்தான் குளிரைத் தாங்க வேண்டும் என்ற நிர்ப்பந்தம் அவர்களுக்கு ஏற்படுவதில்லை. வட அமெரிக்கச் சமவெளிகளின் ஆதிக்குடிகள் எழுப்பிய கூம்பு வடிவக் கூடாரத்தில் இன்னும் நுட்பமான ஏற்பாடு ஒன்று இருந்தது. வெளித் தோலுக்கு உள்ளே, தரையிலிருந்து ஆள் உயரத்துக்கு மற்றொரு திரை. வெளித் தோலின் அடியில் புகும் புதுக் காற்று அந்த இரண்டுக்கும் நடுவே மேலேறி, உறங்குகிறவர்கள்மேல் வீசாமல், புகையைத் தூக்கிக்கொண்டு உச்சித் திறப்பு வழியே வெளியேறிவிடும். உச்சியிலுள்ள இரு தோல் மடிப்புகளை நீண்ட கழிகளால் வெளியிலிருந்தே திருப்பி, காற்று எந்தத் திசையில் வீசினாலும் புகை திரும்பி வராமல் செய்வார்கள். நெருப்புக்கு வேண்டிய காற்றையும் மனிதனுக்கு வேண்டிய காற்றையும் வெவ்வேறு வழியில் நடத்துவது என்ற தத்துவம் இதில் முழுமையாக அமைந்திருக்கிறது.

நம் காலத்துப் பிரயாணிகளோ புகைக்குழாயைத் துறந்து, முதுகில் சுமக்கும் சிறு அடுப்பைக் கைக்கொண்டார்கள். சுவீடனில் ஃபிரான்ஸ் லிண்ட்க்விஸ்ட் 1892 வாக்கில் அமைத்த பிரைமஸ் ஸ்டவ்வைப் பற்றித் தமிழ் வாசகர்களுக்கு விவரித்துச் சொல்ல வேண்டியதில்லை. பித்தளைத் தொட்டி, கழுத்தில் சிறு கிண்ணம், அதில் ஊற்றிக் கொளுத்தும் ஸ்பிரிட், பர்னர் காய்ந்ததும் பம்ப் அடிக்க, ‘உஸ்’ என்ற இரைச்சலுடன் எழும் நீலச் சுவாலை, துவாரம் அடைத்துக்கொண்டால் குத்தி எடுக்கும் ஊசி ஆகிய அனைத்தும் நம் பாட்டிமார் நாள்தோறும் கையாண்டவை. திரி அடுப்பு மண்ணெண்ணெயைத் திரவமாக உறிஞ்சி மஞ்சளாக எரிக்க, இது அதனை முதலில் ஆவியாக்கி, காற்றுடன் கலந்து எரிப்பதால் புகையும் கரியும் இன்றி மும்முரமான வெப்பம் கிடைக்கிறது. நான்சென் 1893இல் வட துருவம் நோக்கிப் புறப்பட்டபோதும், அமுண்ட்சென் 1911இல் தென் துருவத்தை அடைந்தபோதும் இதுவே உடன் சென்றது. பனிவெளியில் அதன் முதல் வேலை கூடாரத்தைச் சூடாக்குவது அன்று. பனிக்கட்டியை உருக்கிக் குடிநீர் ஆக்குவதே. மண்ணெண்ணெய் தீர்ந்தால் தண்ணீரும் தீர்ந்தது. ஸ்காட் 1912இல் தென் துருவத்திலிருந்து திரும்பி வந்த வழியில், கிடங்குகளில் வைத்திருந்த தகர டின்களின் தோல் வாஷர்கள் வழியே எண்ணெய் ஆவியாகிக் குறைந்துபோயிருக்கக் கண்ட துயரத்தைச் சரித்திரம் அறியும். அமுண்ட்சென் தம் டின்களின் வாயைப் பற்றாசு வைத்து அடைத்திருந்தார்.

ஆனால் அந்த நீலச் சுவாலையும் எல்லா நிலையிலும் தூயது அன்று. பனிக்கட்டி நிறைந்த அகன்ற பாத்திரத்தைப் பர்னரை ஒட்டி இருத்தினால், குளிர்ந்த உலோகத்தில் மோதும் சுவாலை எரிந்து முடிவதற்குள் அவிந்து, அரைகுறை வாயுவை வெளியே தள்ளுகிறது. சுவீடனின் ஆண்ட்ரேயும் அவருடைய இரு தோழர்களும் 1897இல் பலூனில் வட துருவம் நோக்கிப் புறப்பட்டு மறைந்துபோனார்கள். அவர்களுடைய எலும்புகளும் நாட்குறிப்புகளும் 1930இல் வெள்ளைத் தீவில் கிடைத்தபோது, அவர்களது பிரைமஸ் ஸ்டவ்வும் கிடைத்தது. முப்பத்து மூன்று ஆண்டுகள் பனியில் கிடந்த பின்னும் அது இயங்கும் நிலையில் இருந்தது. உணவும் வேட்டைத் தோட்டாக்களும் மீந்திருக்க அவர்கள் இறந்தது எதனால் என்பதற்கு ஆராய்ச்சியாளர்கள் கூறும் பல காரணங்களுள், பனியால் அடைபட்ட கூடாரத்துக்குள் அந்த அடுப்பு வெளியிட்ட வாயுவும் ஒன்று.

இந்த விஷயத்தை நன்கு அறிய விரும்புகிறவர்கள் அமெரிக்கக் கடற்படை அதிகாரி ரிச்சர்ட் பேர்டின் சரித்திரத்தைப் படிக்க வேண்டும். 1934ஆம் ஆண்டின் தென் துருவக் குளிர்காலத்தை, தம் கூட்டத்தார் தங்கியிருந்த லிட்டில் அமெரிக்கா என்னும் தளத்துக்கு ஏறக்குறைய 200 கிலோமீட்டர் தெற்கே, பனிப்பாலைவனத்தின் நடுவே, வானிலைக் குறிப்புகள் எடுப்பதற்காகத் தன்னந்தனியாகக் கழிப்பது என்று அவர் துணிந்தார். வேண்டிய இடத்துக்குப் பகுதி பகுதியாகக் கொண்டுபோய்ப் பூட்டத்தக்க மரக்குடில் ஒன்று. நீளம் 13 அடி, அகலம் 9 அடி. புயலிலிருந்து காப்பதற்காக அதைப் பனியில் குழி தோண்டி இறக்கி, கூரை மட்டம் வரை புதைத்து, மேலே ஒரு தட்டுக்கதவு வைத்தார்கள். பக்கத்தில் பனியிலே குடைந்த சுரங்க வழிகளில் எரிபொருளும் உணவும் இருந்தன. ரேடியோவுக்கு மின்சாரம் தரும் பெட்ரோல் எஞ்சினும் அங்கேயே இருந்தது. குடிலைச் சூடாக்குவதற்கு, நிலக்கரிக்காகச் செய்யப்பட்டுப் பின்னர் திரவ எரிபொருளுக்கு ஏற்றவாறு மாற்றப்பட்ட அடுப்பு ஒன்று. அதன் புகைக்குழாய், வெப்பம் வீணாகாதிருக்கும்பொருட்டு, நேரே மேலே போகாமல் குடிலுக்குள்ளே சுற்றிச் சென்றது. சிக்கனத்துக்காகச் செய்த அந்த ஏற்பாட்டினால் குழாயின் பொருத்துவாய்கள் உறங்குகிறவனுடைய அறைக்குள்ளேயே அமைந்தன. பொருத்துவாய்களோ இறுக்கமாக இல்லை.

மார்ச் இறுதியில் தனிமை தொடங்கியது. வெளியே சூரியன் மறைந்து, துருவத்தின் நீண்ட இரவு சூழ்ந்து, சீதோஷ்ணம் மைனஸ் 50 டிகிரி சென்டிகிரேடுக்கும் கீழே இறங்கியது. காற்றுப் போக்கிகளின் வாயில் அவருடைய மூச்சிலும் அடுப்பின் புகையிலும் இருந்த ஈரமே பனியாக உறைந்து, வழியைச் சிறிது சிறிதாக அடைத்தது. தலைவலி வந்தது, கண் எரிந்தது, மனம் காரணமின்றிச் சோர்ந்தது. தனிமையின் விளைவோ இருளின் விளைவோ என்று அவர் ஆராய்ந்துகொண்டிருந்தார். மே 31ஆம் தேதி, லிட்டில் அமெரிக்காவுடன் ரேடியோவில் பேசிக்கொண்டிருக்கும்போது, சுரங்க வழியில் எஞ்சினின் ஓட்டம் தடுமாறுவதைக் கேட்டு, அதைச் சரிசெய்யப் போனார். அங்கே தேங்கியிருந்த எஞ்சின் புகை அவரைச் சாய்த்துவிட்டது. எப்படியோ தவழ்ந்து வந்து, பேச்சை முடித்துக்கொண்டு, படுக்கையில் வீழ்ந்தார்.

அதற்குப் பிறகு அவருக்கு நேர்ந்த நிலையை எண்ணும்போது மனம் கலங்குகிறது. அடுப்பை ஏற்றினால் விஷவாயு. அணைத்தால் உறைந்து சாக வேண்டும். இரண்டுக்கும் நடுவே, பகலில் சில மணி நேரம் மட்டும் அடுப்பை எரியவிட்டு, மற்ற நேரமெல்லாம் உறங்கு பைக்குள் கிடந்து, குடிலின் சுவர்களில் பனி தரையிலிருந்து மேலே மேலே ஏறி வருவதைப் பார்த்துக்கொண்டு, அவர் இரண்டு மாதங்களுக்கு மேல் உயிரைப் பிடித்திருந்தார். எஞ்சினும் பழுதுபட்ட பின், கையால் சுற்றி மின்சாரம் உண்டாக்கும் சாதனத்தைச் சுற்றிச் சுற்றிச் செய்தி அனுப்ப வேண்டியதாயிற்று. ஒவ்வொரு முறையும் அந்த உழைப்பு அவரைப் பல நாள் படுக்கையில் தள்ளியது. இவ்வளவுக்கும் தம் நோயைப் பற்றி ஒரு சொல்லும் தெரிவிக்கவில்லை. தெரிவித்தால் தோழர்கள் துருவ இருளில் பனிப்பிளவுகளைக் கடந்து ஓடிவந்து தங்கள் உயிரை இழப்பார்கள் என்று அஞ்சினார். அவர் அனுப்பிய தந்திக் குறிகளில் தென்பட்ட தடுமாற்றம் அவர்களுக்கே சந்தேகத்தை உண்டாக்கியது. பௌதிக விஞ்ஞானி தாமஸ் பௌல்ட்டர் தலைமையில் டிராக்டரில் புறப்பட்டவர்கள் இரு முறை வழியிலிருந்து திரும்பி, மூன்றாம் முறை, ஆகஸ்டு இரண்டாம் வாரத்தில், அவரை அடைந்தார்கள். அவர் தேறி விமானமேறத்தக்க நிலைக்கு வர அக்டோபர் ஆயிற்று. 1938இல் வெளியான ‘அலோன்’ என்ற நூலில் இவற்றை அவரே எழுதியிருக்கிறார். அனுபவம் மிகுந்தவர், அறிவாளி, காற்றோட்டத்தின் அவசியத்தை அறிந்தவர். அப்படிப்பட்டவரையே, இறுக்கமற்ற பொருத்துவாயும் பனி அடைத்த குழாயும் இந்த நிலைக்குக் கொண்டுவந்தன.

கரி நெருப்பு இவற்றிலெல்லாம் கொடியது. ஏனெனில் அது சாதுவாகத் தோன்றுகிறது. கும்மட்டியில் கனன்று, புகை அடங்கி, மேலே சாம்பல் பூத்த கரியைப் பார்க்கிறவர்கள் இனி அபாயமில்லை என்று எண்ணுகிறார்கள். உண்மையில் கார்பன் மோனாக்ஸைடை அதிகமாக வெளியிடுவது அந்தக் கனலே. கொடைக்கானல் போன்ற மலையூர்களுக்குக் குளிர்காலத்தில் செல்லும் இளைஞர்கள், வெளியே இறைச்சி சுட்ட கரியடுப்பை இரவில் கூடாரத்துக்குள்ளோ அறைக்குள்ளோ எடுத்து வைத்து உறங்கி, விடியும்போது எழாமற்போன செய்தியை நாளேடுகளில் படிக்க நேர்கிறது. காஷ்மீர மக்கள் பிரம்புக்கூடைக்குள் மண்சட்டி வைத்து, அதில் கனல் இட்டு, தொளதொளத்த மேலங்கிக்குள் ஏந்தி நடக்கும் காங்கிரி, உடலையே சூடாக்கும் சாதனமாகையால் சிக்கனத்தில் நிகரற்றது. ஆயினும் அதன் சூடு ஆண்டுக்கணக்கில் படுவதால் வயிற்றிலும் தொடையிலும் உண்டாகும் தோல் புற்றுநோயைப் பற்றி எல்ம்ஸ்லி என்ற மிஷன் வைத்தியர் 1866இலேயே எழுதியிருக்கிறார்.

இக்காலத்துக் கையடக்கக் கணப்புகளில் விஞ்ஞானிகள் சில காவல்களை அமைத்திருக்கிறார்கள். அவற்றுள் ஒன்று மிக அழகியது. முக்கியச் சுவாலைக்கு அருகே எப்போதும் எரியும் சிறு வழிச்சுவாலை ஒன்று, இரு வேறு உலோகங்கள் சேர்ந்த முனையைச் சுட்டுக்கொண்டிருக்கும். அந்தச் சூட்டினால் அம்முனையில் ஒரு வோல்ட்டின் நூற்றில் இரண்டு மூன்று பங்கு மின்னழுத்தம் உண்டாகும். எரிவாயு வால்வைத் திறந்து பிடிக்கும் காந்தத்துக்கு அதுவே போதும். காற்றில் பிராணவாயு 18 சதவீதத்தை நெருங்கியதும், அந்தச் சிறு சுவாலை தன் துவாரத்தை விட்டு எழும்பி உலோக முனையிலிருந்து விலகிவிடும், முனை ஆறும், காந்தம் பிடியை விடும், வாயு அடைபடும். பாட்டரியும் வேண்டாம், மனிதனுடைய கவனமும் வேண்டாம். ஆனால் அதன் எல்லையையும் அறிந்துகொள்ள வேண்டும். அது அளப்பது பிராணவாயுவின் குறைவையே. கார்பன் மோனாக்ஸைடை அன்று. பர்னரில் தூசி அடைந்து சுவாலை கெட்டிருந்தால், பிராணவாயு போதிய அளவு இருக்கும்போதே விஷவாயு சேரலாம். உயர்ந்த மலைகளிலோ, காற்றே மெல்லியதாக இருப்பதால், சுமார் 2,000 மீட்டருக்கு மேல் இந்தக் காவல் காரணமின்றியே கணப்பை அணைத்துவிடுவதும் உண்டு. எரிச்சல்பட்டு அதைக் கழற்றி எறிகிறவர்கள் தங்கள் காவலாளியைத் தாங்களே வெளியேற்றுகிறார்கள். கார்பன் மோனாக்ஸைடைக் கண்டதும் ஒலியெழுப்பும் பாட்டரிக் கருவி ஒன்றைத் தலைமாட்டில் வைத்துக்கொள்வது தனியாக அவசியம்.

சுவாலையே இல்லாமல் எரிக்கும் முறையும் உண்டு. சூடான பிளாட்டினக் கம்பியின்மேல் எரிவாயுவும் காற்றும் சேர்ந்து சுவாலையின்றியே எரிவதை ஹம்ஃப்ரி டேவி 1817இல் கண்டார். ஜப்பானில் நீச்சி மாத்தோபா 1923இல் அந்தத் தத்துவத்தைக் கொண்டு, பென்ஸின் என்னும் பெட்ரோல் ஆவி பிளாட்டினத்தின்மேல் மெதுவாக எரியும் சட்டைப்பைக் கணப்பு ஒன்றைச் செய்தார். அது இன்றும் விற்பனையில் இருக்கிறது. அதே முறையில் இயங்கும் பெரிய கணப்புகளும் கூடாரங்களுக்காக உண்டு. அவற்றில் விஷவாயு மிகக் குறைவு. ஆனால் பிராணவாயுவை அவையும் உண்கின்றன. ஈரத்தை அவையும் கக்குகின்றன.

இந்தச் சாதனங்களுள் என் மனத்துக்கு முழு நிறைவு தருவது, லாரிகளிலும் வீட்டு வண்டிகளிலும் பொருத்தும் டீசல் கணப்பு. மூடிய உலோக அறைக்குள் சுவாலை எரிகிறது. அதற்கு வேண்டிய காற்று ஒரு குழாய் வழியாக வெளியிலிருந்து வருகிறது. புகை வேறொரு குழாய் வழியாக வெளியே போகிறது. உள்ளிருக்கும் காற்று அந்த உலோகத்தின் வெளிப்புறத்தைத் தடவிச் சூடேறித் திரும்புகிறதே ஒழிய, சுவாலையை ஒருபோதும் சந்திப்பதில்லை. உலர்ந்த வெப்பம் கிடைக்கிறது. மணிக்குக் கால் லிட்டருக்கும் குறைந்த டீசலில் 2,000 வாட் கிடைக்கிறது. சமவெளி மக்களின் கூம்புக் கூடாரத்தில் கண்ட தத்துவமே இங்கே இரும்பில் வடிக்கப்பட்டிருக்கிறது. அதன் புகைக்குழாயின் வாயைப் பனி அடைக்காமலும், அதிலிருந்து வரும் புகை காற்றுக் குழாய்க்குள்ளோ கூடாரத்தின் அடியிலோ புகாமலும் பார்த்துக்கொள்ள வேண்டியது மட்டும் மனிதனுடைய பொறுப்பு.

எரிவாயு டப்பாவை நம்பி உயரமான இடங்களுக்குப் போகிறவர்கள், எந்த வாயு என்பதைக் கேட்டு வாங்க வேண்டும். பியூட்டேன் கொதிப்பது பூஜ்யத்துக்கு அரை டிகிரி கீழே. உறைபனி இரவில் அது திரவமாகவே டப்பாவுக்குள் கிடக்கும். புரோப்பேனோ மைனஸ் 42 டிகிரி வரை ஆவியாக வரும். ஆவியாகும்போது திரவம் தன் வெப்பத்தையே செலவிடுவதால், எரியும் டப்பா வெளிக்காற்றைவிடவும் குளிர்ந்து, மேலே பனி பூத்து, சுவாலை மங்கும். அப்பொழுது டப்பாவை நெருப்பின் அருகே காட்டுகிறவர்கள் வெடிகுண்டைச் சூடாக்குகிறார்கள் என்பதை அறிய வேண்டும்.

இவ்வளவு பாடுபட்டுக் காற்றைச் சூடாக்குவது அவசியந்தானா என்ற கேள்வியும் எழுகிறது. ஒரு லிட்டர் வெந்நீரைக் கசியாத புட்டியில் அடைத்து, துணி சுற்றி, உறங்கு பைக்குள் வைத்துக்கொண்டால், அது 80 டிகிரியிலிருந்து 35 டிகிரிக்கு ஆறுவதற்குள் ஏறக்குறைய 190 கிலோஜூல் வெப்பம் தரும். ஆறு மணி நேரத்துக்குப் பகிர்ந்தால் 8, 9 வாட். கூடாரத்தின் 1,300 வாட்டுக்கு முன்னே இது ஒன்றுமே இல்லை. ஆனால் நல்ல பைக்குள் படுத்திருக்கும் ஓர் உடலுக்கு, இரத்தம் எளிதில் போகாத பாதங்களுக்கு, இது போதுமான செல்வம். தரைக்கும் உடலுக்கும் நடுவே தடித்த விரிப்பு ஒன்றும், படுக்கும் முன்னே வயிறு நிறைய உணவும் சேர்ந்துவிட்டால், படுத்த பின் எரியும் நெருப்பு எதுவும் தேவையில்லை. கணப்பு இருக்கட்டும், விழித்திருக்கும்போது, மேலும் கீழும் திறப்பு வைத்து, உடை மாற்றவும் ஈரக் காலுறைகளை உலர்த்தவும் அது உதவட்டும், உறங்கும்போது அணைந்திருக்கட்டும்.

ஆனால் ஒரு வாரத்துக்குக் கூடாரத்தில் தங்குகிற உல்லாசப் பிரயாணிக்குச் சொல்லும் இந்த யோசனையை, லடாக்கிலும் சியாச்சினிலும் மாதக்கணக்கில் காவல் நிற்கும் நம் சிப்பாய்களிடம் போய்ச் சொல்ல முடியாது. 5,500 மீட்டர் உயரத்தில் காற்றழுத்தம் பாதியாகிவிடுகிறது. மனிதனுக்கும் சுவாலைக்கும் ஏற்கனவே மூச்சு முட்டுகிற அந்த இடத்தில், மண்ணெண்ணெயில் எரியும் புகாரி என்னும் இரும்பு அடுப்பே நெடுங்காலமாகத் துணை. அதன் விஷவாயுவையும், திடீரென்று பின்னோக்கிச் சீறும் சுவாலையையும் தவிர்க்கும் நோக்கத்துடன், ‘ஹிம் தாபக்’ என்ற புதிய புகாரியைப் பாதுகாப்பு ஆராய்ச்சித் துறையின் உடலியல் கூடம் அமைத்தது. அது எண்ணெயையும் பாதியளவுக்கு மிச்சப்படுத்தும் என்று 2021 ஜனவரியில் அறிவிக்கப்பட்டது. அடுத்த மாதமே, லடாக்கைச் சேர்ந்த பொறியாளர் சோனம் வாங்சுக், நெருப்பே இல்லாத கூடாரம் ஒன்றைக் காட்டினார். வெயிலை வாங்கும் முன்னறை, உறங்கும் பின்னறை, இரண்டுக்கும் நடுவே பகலின் வெப்பத்தைத் தேக்கிவைக்கும் சுவர். பத்துச் சிப்பாய்கள் தங்கலாம். பிரித்தால் ஒவ்வொரு பாகமும் 30 கிலோவுக்குக் குறைவு. இரவு பத்து மணிக்கு வெளியே மைனஸ் 14 டிகிரியாக இருக்க, உள்ளே 15 டிகிரி இருந்ததாக அவர் தெரிவித்தார்.

இதில் சூரியனைவிட, வெப்பம் கசியாமல் காக்கும் வெளிச்சுவருக்கே பெருமை அதிகம் என்று நான் கருதுகிறேன். வெப்பத்தைத் தேக்கிவைக்க நூறு லிட்டர் நீரையே வைத்தாலும், அது 20 டிகிரி ஆறும்போது தரும் வெப்பம் 200 கிராம் மண்ணெண்ணெயின் வெப்பத்துக்கே சமம்; அந்தச் சிறு சேமிப்பு இரவெல்லாம் நீடிக்க வேண்டுமானால் கசிவு மிகக் குறைவாக இருக்க வேண்டும். நாம் முதலில் கணக்கிட்ட கூடாரத்தின் துணியை எடுத்துவிட்டு, பன்னிரண்டில் ஒரு பங்கு வெப்பத்தையே கசியவிடும் தடித்த காப்புச் சுவரை வைத்தால், 15 டிகிரி வித்தியாசத்துக்கு 110 வாட் போதும்; அது உறங்குகிற இருவரின் உடல் வெப்பத்தைவிடவும் குறைவு. அந்நிலையில், நால்வரின் மூச்சுக்காக ஆளுக்கு மணிக்கு 10 கன மீட்டர் புதுக் காற்றை உள்ளே விட்டு, அதைச் சூடாக்குவதற்கே 200 வாட் தேவைப்படும். சுவர் வழியே போவதைப்போல் ஏறத்தாழ இரண்டு மடங்கு. வெளியேறும் காற்றின் வெப்பத்தை உள்ளே வரும் காற்றுக்குக் கைமாற்றும் சாதனம் குளிர்நாட்டு வீடுகளில் பொருத்தப்பட்டிருக்கிறது. அதை மடித்துச் சுமக்கும் அளவுக்குச் சிறிதாக்கி, மின்சாரமும் அதிகம் உண்ணாமல், உள்ளே உறையும் ஈரத்தால் அடைபடாமலும் செய்வதற்கு நம் பொறியாளர்கள் முயல வேண்டும். அந்தச் சாதனம் கைக்கு வருமானால், நால்வர் உறங்கும் கூடாரத்தில் தேவை முழுவதையும் அந்த நால்வரின் 300 வாட்டே தாங்கிவிடும்.